நீர் காக்கும் செடி

மேற்கே மேற்குத் தொடர்ச்சி மலை; தெற்கிலும் கிழக்கிலும் மேகமலையும் வருசநாட்டு மலைகளும். இவற்றின் நடுவே தேனியை நோக்கி விரிந்து கிடக்கும் வளநிலமே கம்பம் பள்ளத்தாக்கு ஆகும். கூடலூர், கம்பம், உத்தமபாளையம், சின்னமனூர் முதலிய ஊர்கள் இதன்கண் அமைந்தவை. ஆனி, ஆடித் திங்கள்களில் இவ்வூர்களில் நின்று மேற்கே நோக்குவார் ஒரு வியப்பைக் காண்பர். மலைமுடியெங்கும் கார்முகில் கவிந்திருக்கும். முடிக்கு அப்பால் குமுளியில் மழை கொட்டிக்கொண்டிருக்கும். இப்பாலோ காற்றும் சிறு சாரலுமே வந்து சேரும். மலை மழையைத் தடுத்துத் தன் மறைவில் இந்நிலத்தை வைத்திருக்கின்றது. ஐப்பசி, கார்த்திகையில் பெய்வதே இங்குப் பெருமழை.

மேற்கே ஓடிக் கடலிற் கலந்த பெரியாற்று நீரைக் கிழக்கே திருப்பும் அணை 1887-ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்று 1895-ஆம் ஆண்டில் திறக்கப்பெற்றது. அதனைக் கட்டிய பொறியாளர் பென்னிகுயிக்கின் பெயர் இன்றும் இப்பள்ளத்தாக்கில் நன்றியோடு வழங்கப்படுகின்றது. மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே இறங்கும் அந்நீரால் இங்கே 14,707 ஏக்கர் நிலம் இருபோக நெல்வயல் ஆயிற்று. தென்னையும் வாழையும் திராட்சையும் செழித்தன. ஆயினும் வாய்க்கால் ஏறாத மேட்டுநிலம் இன்றும் வானத்தையே நோக்கி நிற்கின்றது. கிணறுகள் ஆண்டுதோறும் ஆழமாகின்றன. ஆதலின், "தண்ணீர் குறைந்த இடத்தில் எதனை வளர்ப்பது?" என்னும் வினா இந்நாட்டு உழவர்க்கும் வீட்டுத் தோட்டம் வைப்பார்க்கும் என்றும் உள்ள வினாவாகும். இவ்வினாவுக்கு ஒரு சிறு விடை தரும் செடி அன்னாசி.

அன்னாசி நம் நாட்டில் தோன்றியது அன்று. அதன் தாயகம் தென்அமெரிக்கா. அந்நிலத்துப் பழங்குடி மக்கள் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அதனைப் பயிராக்கினர். கொலம்பசு தம் இரண்டாம் கடற்பயணத்தில், 1493-ஆம் ஆண்டில், குவாதலூப் என்னும் தீவில் அப்பழத்தைக் கண்டார். பின்னர்ப் போர்ச்சுகீசியர் தம் கப்பல்களில் அதனை இந்தியக் கடற்கரைக்குக் கொணர்ந்தனர். தென்அமெரிக்கப் பழங்குடியினர் வழங்கிய 'நனஸ்' என்னும் சொல்லே போர்ச்சுகீசியர் நாவில் 'அனனாஸ்' ஆகித் தமிழில் 'அன்னாசி' ஆயிற்று. ஆக்ராவில் தம் தோட்டத்தில் ஆண்டுதோறும் பல்லாயிரம் அன்னாசிப் பழங்கள் விளைந்ததை மொகலாய மன்னர் சகாங்கீர் தம் நினைவுக் குறிப்பில் எழுதியுள்ளார். நூறாண்டுக் காலத்திற்குள் ஒரு பழம் கடற்கரையிலிருந்து அரசர் தோட்டம் வரை சென்றது என்பது இதனால் விளங்கும்.

புதிய பொருளைக் காணும் மக்கள் தாம் முன்பே அறிந்த பொருளின் பெயரைக்கொண்டு அதனை அழைத்தல் இயல்பு. நீண்டு, விளிம்பில் முள்ளுடைய இலைகளைக் கண்ட தமிழர் அதனைப் 'பறங்கித்தாழை' என்றும் வழங்கினர். மலைக்கு அப்பால் மலையாள நாட்டார் அதனைக் 'கைதச்சக்கை' என்பர். கைதை என்பது தாழை. சக்கை என்பது பலா. இலையால் தாழையையும் பழத்தால் பலாவையும் ஒத்தது என்பது அப்பெயரின் கருத்து. ஒப்புமை அழகியதே. எனினும், தாழை வேறு குடும்பம். பலா வேறு குடும்பம். அன்னாசி இவ்விரண்டையும் சாராது, புரோமீலியா என்னும் தனிக் குடும்பத்தைச் சார்ந்தது. சுவீடன் நாட்டு அறிஞர் புரோமீலியசின் நினைவாக இடப்பெற்ற பெயர் அது. அக்குடும்பத்தில் மூவாயிரத்திற்கும் மேற்பட்ட இனங்கள் உள்ளன. மேற்கு ஆப்பிரிக்காவில் வளரும் ஓர் இனம் நீங்கலாக ஏனைய யாவும் அமெரிக்கக் கண்டங்களிலேயே இயற்கையாகத் தோன்றியவை. மரக்கிளைகளிலும் பாறைகளிலும் பற்றி வாழ்வன அவற்றுட் பல. மண்ணே வேண்டாது, காற்றில் வரும் ஈரத்தையும் தூசியையும் இலைச் செதில்களால் ஏற்று வாழ்வனவும் உண்டு. குவளைபோல் குவிந்த இலைகளின் நடுவே மழைநீரைத் தேக்கி வைப்பனவும் உண்டு. அக்குவளை நீரில் முட்டையிட்டுக் குஞ்சு வளர்க்கும் தவளைகள் அந்நாட்டுக் காடுகளில் உள.

இக்குடும்பத்தின் பண்பு அன்னாசியிடத்தும் விளங்கக் காணலாம். அதன் இலைகள் ஒன்றன்மேல் ஒன்றாகச் சுற்றி அடுக்கப்பட்டிருக்கும். ஒவ்வோர் இலையும் நடுவே குழிந்து, வாய்க்கால்போல் அமைந்திருக்கும். விடியற்காலையில் விழும் பனித்துளியும் சிறு தூறலும் இவ்வாய்க்கால் வழியே உருண்டு இலையடியைச் சேரும். அங்கே தண்டிலிருந்து கிளம்பும் சிறுவேர்கள் அந்நீரைப் பருகும். மற்றைச் செடிகள் மண்ணில் இறங்கிய நீரையே நாடி நிற்க, அன்னாசியோ விழும் துளியைத் தன் இலையாலேயே ஏந்திக்கொள்கின்றது. சிறுதுளி பெருவெள்ளம் என்னும் பழமொழிக்கு இச்செடி கண்கூடான சான்று.

நீரைச் சேர்ப்பதில் மட்டுமன்று, செலவிடுவதிலும் அன்னாசி சிக்கனம் உடையது. செடிகள் உணவு சமைப்பதற்குக் கரியமிலவாயு வேண்டும். அவ்வாயு புகுவதற்கு இலைத்துளைகள் திறக்க வேண்டும். அவை திறந்தவழி உள்ளிருக்கும் நீர் ஆவியாகி வெளியேறும். பெரும்பாலான செடிகள் பகலில் துளைகளைத் திறந்துவைத்து நீரை இழக்கின்றன. அன்னாசியின் வழி வேறு. வெப்பம் தணிந்த இரவில் அது துளைகளைத் திறக்கும். வாயுவை ஏற்று அமிலமாக மாற்றி இலைக்குள் தேக்கும். ஞாயிறு எழுந்தபின் துளைகளை அடைத்துக்கொண்டு, தேக்கிய அமிலத்தினின்று வாயுவைப் பிரித்து, ஒளியின் துணையால் உணவு சமைக்கும். மழைக்காலத்து வெள்ளத்தைத் தேக்கிக் கோடையில் வழங்கும் அணையின் செயல் எத்தகையதோ, அத்தகையதே இச்செடியின் செயலும். அணை ஓராண்டில் ஒருமுறை செய்வதை இச்செடி ஒவ்வொரு நாளும் செய்கின்றது.

இவ்வுண்மைக்கு அடிகோலிய செய்தி ஒன்று நம் நாட்டிலேயே கிடைத்தது. கிழக்கிந்தியக் கம்பெனியின் தாவரவியலாளராகச் சென்னை மாகாணத்தில் பணியாற்றியவர் பெஞ்சமின் ஹெய்ன். அவர் ரணகள்ளி என்னும் செடியின் இலையை வெவ்வேறு பொழுதுகளில் சுவைத்துப் பார்த்தார். காலையில் புளித்த இலை நண்பகலில் சுவையற்றிருந்தது. இதனை அவர் எழுதிய மடல் இலண்டனில் ஓர் அறிவியல் கழகத்தின் வெளியீட்டில் 1815-ஆம் ஆண்டு அச்சாயிற்று. இரவில் தேங்கிய அமிலமே காலைப் புளிப்பு. பகலில் அது செலவானமையே சுவை மாற்றம். இதனைப் பின்வந்தோர் ஆராய்ந்து தெளிந்தனர். கள்ளி, கற்றாழை, அன்னாசி முதலிய பல செடிகளும் இவ்வழியே வாழ்கின்றன என்பதும் அறியப்பட்டது. ஓர் இலையின் சுவையைக் காலையும் பகலும் ஒப்பிட்டு நோக்கிய சிறு செயலிலிருந்து ஒரு பேருண்மை வெளிப்பட்டது நினைவிற் கொள்ளத் தக்கது. எனினும், ரணகள்ளியில் நஞ்சுத் தன்மை உள்ளதாதலின் அச்செயலை மாணவர் செய்து பார்த்தல் கூடாது.

இனி, அன்னாசியை வீட்டுத் தோட்டத்தில் வளர்க்கும் முறையைக் காண்போம். பழத்தின் அடியிலும் செடியின் பக்கத்திலும் தோன்றும் கன்றுகளும், பழத்தின் உச்சியிலுள்ள கொண்டையும் நடுவதற்கு உரியவை. பக்கக் கன்று ஒன்றரை முதல் இரண்டு ஆண்டுகளில் பழம் தரும். கொண்டை அதனினும் காலம் தாழ்த்தே தரும். பிரித்த கன்றை உடனே நடுதல் கூடாது. அடியிலுள்ள காய்ந்த இலைகளை உரித்து, வெட்டுவாய் ஆறும்வரை சில நாள் நிழலில் வைத்தல் வேண்டும். ஈரப் புண்ணோடு மண்ணிற் புகுந்த கன்று அழுகிவிடும். ஆடி முதல் புரட்டாசி வரை நடுவதற்கு ஏற்ற காலம். கன்று வேரூன்றும் வேளையில் ஐப்பசி மழை வந்து துணைசெய்யும். வரிசைக்கு வரிசை இரண்டடியும், செடிக்குச் செடி ஓரடியும் இடம் விடுதல் போதும். குருத்தில் மண் விழாதவாறு நட்டு, அடிமண்ணை இறுக மிதித்துவிட வேண்டும்.

நீர் வடியும் மணற்பாங்கான மண்ணே அன்னாசிக்கு ஏற்றது. இச்செடி வறட்சியைத் தாங்கும். ஆனால் வேரடியில் நீர் தேங்குவதைத் தாங்காது. களிமண் நிலமாயின் பாத்தியை உயர்த்தி அமைத்தல் நன்று. மலைச்சாரலின் மிதமான வெப்பமே அதற்கு விருப்பம். பள்ளத்தாக்கின் கோடை வெயில் இலையையும் பழத்தையும் வெதுப்பிவிடும். ஆதலின், தென்னையின் விட்டுவிட்டு விழும் நிழலில் நடுதல் நலம். நிழல் மிகுமாயின் இலை நீண்டு பழம் புளிக்கும். தொழுவுரமிட்டு, களை நீக்கி, செடியைச் சுற்றி வைக்கோலோ சருகோ பரப்பினால் மண்ணின் ஈரம் காக்கப்படும். வேரூன்றிய செடி சில வாரம் நீரின்றியும் உயிரோடிருக்கும். ஆயினும், உயிரோடிருத்தல் வேறு; வளர்தல் வேறு. நெடுநாள் நீரற்ற செடி வளர்ச்சியை நிறுத்திக் காத்திருக்கும், பழமும் சிறுக்கும். சிறிதே கேட்கும் செடி என்பதால் ஒன்றுமே கொடாதிருத்தல் அறமன்று. கோடையில் வாரம் ஒருமுறையேனும் அதற்கு நீர் ஊற்ற வேண்டும். இப்பயிர் பற்றி ஐயமுடையார் பெரியகுளத்திலுள்ள தோட்டக்கலைக் கல்லூரியிற் கேட்டுத் தெளியலாம்.

இங்கே மறவாது குறிக்கத்தக்க எச்சரிக்கை ஒன்று உண்டு. இலையடியில் தங்கும் நீர் செடிக்கு உணவு. அதுவே கொசுவுக்கும் தொட்டில். டெங்குக் காய்ச்சலைப் பரப்பும் ஏடிஸ் வகைக் கொசுக்கள் இத்தகைய சிறு நீர்நிலைகளில் முட்டையிடும். கேரளத்து அன்னாசித் தோட்டங்களில் இவை காணப்பட்டுள்ளன. ஆதலின் வீட்டையொட்டி அன்னாசியை நெருக்கமாக நடுதல் கூடாது. முட்டை கொசுவாக மாற ஒரு வாரத்திற்கு மேலாகுமாதலால், வாரந்தோறும் இலையடியில் நீரை விசையோடு பாய்ச்சிப் பழைய நீரை வெளியேற்ற வேண்டும். அழகுக்காகத் தொட்டியில் வளர்க்கப்படும் குஸ்மேனியா, பில்பெர்ஜியா முதலிய உறவுச் செடிகளுக்கும் இவ்விதி பொருந்தும். ஒன்றின் நன்மையை நுகர்வோர் அதனால் வரும் தீங்கையும் அறிந்து காத்துக்கொள்ளுதல் கடமையாகும்.

முப்பது நாற்பது இலைகள் விட்டு முதிர்ந்த செடி பூக்கும் தகுதி பெறும். இது பற்றிச் சுவையான வரலாறு ஒன்று உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அட்லாண்டிக் கடலிலுள்ள அசோர்ஸ் தீவுகளில் கண்ணாடிக் கூடங்களில் அன்னாசி பயிரிட்டு வந்தனர். ஒருகால் ஒரு கூடத்தைப் புகை சூழ்ந்துகொண்டது. செடிகள் கெட்டன என்றே அனைவரும் அஞ்சினர். நிகழ்ந்ததோ மாறானது. செடிகள் யாவும் ஒருங்கே பூத்தன! புகையிலுள்ள எத்திலீன் என்னும் வாயுவே பூப்பதற்குத் தூண்டுகோல் ஆயிற்று என்பது பின்னர் அறியப்பட்டது. இது நம் உழவர்க்கு முற்றும் புதிதன்று. வாழைத்தாரைக் குழியிலிட்டுப் புகைமூட்டம் போட்டுப் பழுக்கவைக்கும் வழக்கம் தமிழ்நாட்டில் நெடுங்காலமாக உண்டு. அங்குக் காயைக் கனியச்செய்வதும் அவ்வாயுவே. காரணம் அறியாமலே காரியம் கண்டவர் நம் முன்னோர்.

செடியின் நடுவிலிருந்து செந்நிறக் கதிர் ஒன்று எழும். அதில் நூறு முதல் இருநூறு வரை சிறு பூக்கள் நெருங்கி அமையும். நீலமும் ஊதாவும் கலந்த அப்பூக்கள் அடியிலிருந்து மேனோக்கி நாள்தோறும் சிலவாக மலரும். பின்னர், பூக்கள் அனைத்தின் சூற்பைகளும் செதில்களும் நடுத்தண்டும் ஒன்றாய்ச் சதைப்பற்றுப் பெற்று ஒரே பழமாகும். நாம் அன்னாசியின் 'கண்' என்பது ஒவ்வொன்றும் ஒரு பூ இருந்த இடம். கண்கள் சுருள் வரிசையில் அமைந்திருக்கும். அவ்வரிசைகளை எண்ணினால், ஒரு பக்கமாகச் செல்வன எட்டும், எதிர்ப்பக்கமாகச் செல்வன பதின்மூன்றும் இருப்பதைப் பெரும்பாலும் காணலாம். பூத்து ஐந்து திங்களில் பழம் முதிரும். முதிருமுன் பறித்த பழம் பின்னர் நிறம் மாறுமேயன்றி இனிமை மிகாது. அதனால் அடிக்கண்கள் மஞ்சளாகத் தொடங்கியபின்பே பறித்தல் வேண்டும். உண்ணும்போது நாவில் தோன்றும் அரிப்புக்கு அதிலுள்ள புரோமிலைன் என்னும் பொருள் ஒரு காரணம். அது புரதத்தைச் சிதைக்கும் தன்மையது.

அன்னாசிச் செடியில் ஒரு தண்டு ஒருமுறையே பூக்கும். ஒரு பழமே தரும். பழம் முதிர்ந்தபின் தாய்ச்செடி மெல்ல மெல்ல வாடும். ஆனால் அது வறிதே மாய்வதில்லை. தன் பக்கத்தில் இளங்கன்றுகளைத் தோற்றுவித்து, அவை காலூன்றிய பின்பே மறையும். கம்பம் பள்ளத்தாக்கின் தோப்புகளில் வாழை செய்வதும் இதுவே அன்றோ? குலை ஈன்ற வாழையைப் பக்கக் கன்று தொடர்வது கண்டே நம் மக்கள் 'வாழையடி வாழையாக' என்று வாழ்த்தும் வழக்கம் கொண்டனர். ஈராண்டு சேர்த்ததை ஒரு பழத்தில் வழங்கி, தன் இடத்தைக் கன்றுக்கு விட்டுச்செல்லும் அன்னாசியும் அவ்வாழ்த்துக்கு உரியதே.

இச்செடியால் விளையும் பயன் பழம் ஒன்றே அன்று. பிலிப்பைன்சு நாட்டார் அதன் இலை நாரிலிருந்து மெல்லிய ஆடை நெய்வர். அந்நாட்டின் அக்லான் பகுதியில் வழங்கும் அந்நெசவுக் கலையை 2023-ஆம் ஆண்டில் யுனெஸ்கோ மரபுச் செல்வங்களுள் ஒன்றாக ஏற்றது. தமிழ்நாட்டில் கொல்லிமலை அன்னாசிக்குப் பெயர் பெற்றது. கேரளத்து வாழக்குளத்தில் விளையும் அன்னாசி 2009-ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு பெற்றது. அங்கு இரப்பர் மரங்கள் இளமையாயிருக்கும் காலத்தில் அவற்றின் இடைவெளியில் இதனை நட்டுப் பயன்கொள்வர். வெறுமனே கிடக்கும் இடைநிலத்தைப் பயன்படுத்தும் அவ்வறிவு மேட்டுநிலம் உடையார் யாவர்க்கும் வேண்டுவதே.

கம்பம் பள்ளத்தாக்கின் முதற்பயிர் அன்னாசி அன்று, ஆகவும் வேண்டுவதில்லை. ஆற்றுநீர் பாயும் வயலுக்கு நெல்லும் வாழையும் உள. மஸ்கட் ஹாம்பர்க் என்னும் பிறநாட்டுத் திராட்சை இம்மண்ணில் பன்னீர்த் திராட்சையாகி, 2023-ஆம் ஆண்டில் புவிசார் குறியீடும் பெற்றது. அன்னாசிக்கு வேண்டுவது தோட்டத்தின் ஒரு மூலை, தென்னையின் அரைநிழல், கோடையில் வாரம் ஒரு குடம் நீர். கைகழுவிய நீரைக்கூட வீணாக்காமல் அதன் அடியில் ஊற்றலாம். அதற்கு ஈடாக, விழும் துளியை ஏந்துதல், வெயில் வேளையில் வாய் மூடியிருத்தல், சேர்த்ததைப் பின்வருவோர்க்கு விட்டுச்செல்லுதல் ஆகிய மூன்றையும் அது தன் வாழ்வால் காட்டிக்கொண்டிருக்கும். மலைக்கு அப்பால் பெய்யும் மழையைப் பார்த்து ஏங்கி, பெருமுயற்சியால் நீரைப் பெற்ற நாட்டார்க்கு இதனினும் தக்க துணைச்செடி அரிது.

பயிற்சி

1. கம்பம் பள்ளத்தாக்கில் ஆனி, ஆடித் திங்கள்களில் மழை குறைவதற்குக் காரணம் யாது?
2. 'பறங்கித்தாழை', 'கைதச்சக்கை' என்னும் பெயர்கள் எவ்வாறு அமைந்தன?
3. அன்னாசி இரவில் இலைத்துளைகளைத் திறப்பதால் அடையும் நன்மை யாது? அதனை அணையோடு ஒப்பிட்டு எழுதுக.
4. அன்னாசி வளர்ப்போர் கொசுவால் வரும் தீங்கை எங்ஙனம் தடுக்கலாம்?
5. 'வாழையடி வாழை' என்னும் தொடரைச் சொந்த வாக்கியத்தில் அமைத்து எழுதுக.
6. உங்கள் வீட்டிலோ பள்ளியிலோ நீர் வீணாகும் இடம் ஒன்றைக் கண்டு, அந்நீரைக்கொண்டு எச்செடியை எவ்வாறு வளர்க்கலாம் என்பது பற்றி ஒரு பத்தி வரைக.